காலத்தை விவசாயம் செய்தவர்கள்

காலத்தை ஒரு வயல் மாதிரி நினைக்கும் மதம் ஒன்று இருந்தால் எப்படி இருக்கும்? நாட்களை விதைப்பார்கள். தண்ணீர் பாய்ச்சுவார்கள், களை எடுப்பார்கள். வருடம் முடிந்ததும் அறுவடை செய்து சாமிக்குப் படைப்பார்கள். விதைக்குக் கொஞ்சம் எடுத்து வைத்துக்கொண்டு மறுபடி ஆரம்பிப்பார்கள்.

அறிவியல் புனைகதையில்தான் இப்படி வரும் என்று தோன்றலாம். ஆனால் இதைக் கற்பனை செய்ய வேண்டிய அவசியமே இல்லை. ஆயிரம் வருடங்களுக்கு முன்னால் தமிழ்நாட்டுக் கோயில்களில் கிட்டத்தட்ட இதுதான் நடந்தது. கல்லில் வெட்டியும் வைத்திருக்கிறார்கள். அந்தக் கணக்கைப் பிரித்துப் பார்த்தால் பக்தியும் தெரிகிறது, வணிகமும் தெரிகிறது. யாருடைய வியர்வையில் அந்த வயல் விளைந்தது என்பதும் தெரிகிறது.

ஒரு வருடம், 360 கல்யாணம்

கிழக்குக் கடற்கரைச் சாலையில் கோவளம் தாண்டி மகாபலிபுரம் பக்கம் சில கிலோமீட்டர் போனால் திருவிடந்தை வரும். நித்ய கல்யாணப் பெருமாள் கோயில். கல்யாணம் தள்ளிப்போகிறவர்கள் மாலையோடு வந்து சுற்றும் கோயில் என்று தாம்பரம், கேளம்பாக்கம் பக்கத்து ஆட்களுக்கெல்லாம் தெரியும். 108 திவ்ய தேசங்களில் ஒன்று. திருமங்கை ஆழ்வார் பாடிய தலம்.

தல புராணம் இப்படிப் போகிறது. காலவ முனிவருக்கு 360 பெண்கள். அத்தனை பேரையும் கட்டிக்கொடுக்க வேண்டும். பெருமாள் ஒரு பிரம்மச்சாரி வடிவில் வந்து தினம் ஒரு பெண்ணாக 360 நாளும் கல்யாணம் செய்துகொண்டார். கடைசி நாளில் 360 பேரையும் ஒருத்தியாக்கி, அகிலவல்லி என்று பெயர் வைத்து, தன் இடப்பக்கம் வைத்துக்கொண்டார். தாயாரை இடப்பக்கம் கொண்ட எந்தை என்பதால் ஊர் பெயர் திருவிடவெந்தை. அது மருவித் திருவிடந்தை.

இதை வெறும் கதையாகப் படித்தால் சிரிப்பு வரும். 360 என்ற எண்ணைக் கவனியுங்கள். பழைய கணக்கில் அது ஒரு வருடம். நாளுக்கு ஒரு பெண், வருடம் முடிந்தால் ஒரே உருவம். அதாவது சிதறிக் கிடக்கும் நாட்களை ஒவ்வொன்றாகக் கைப்பிடித்து ஒரு முழு வருடமாக ஆக்குவது. அந்த வருடத்தோடு சேர்ந்து நிற்கும் சாமி யார்? வராகர். கடலுக்குள் போன பூமியைத் தூக்கி வந்தவர். காலமும் நிலமும் ஒரே கருவறையில் இருக்கின்றன.

புராணத்தில் இருக்கும் இந்த எண்ணம் கணக்கில் எப்படி வந்தது என்பதுதான் சுவாரஸ்யம்.

"பொலி" என்ற ஒரு சொல்

வணிகவியல் படிக்கும் எல்லோருக்கும் முதல், வட்டி இரண்டும் தண்ணீர் பட்ட பாடு. சோழர் காலக் கல்வெட்டுகளில் வட்டிக்கு உள்ள சொல் "பொலிசை". வட்டிக்காகப் போடப்படும் முதலீடு "பொலியூட்டு".

பொலி என்றால் என்ன? களத்தில் அடித்துக் குவித்த நெல் பொலி. நெல்லை அளக்கும்போது "பொலியோ பொலி" என்று சொல்வது கிராமத்து வழக்கம். இனப்பெருக்கத்துக்கு விடும் காளை பொலிகாளை. நெல்குவியல், கன்று போடவைக்கும் காளை, வட்டி என்று மூன்றுக்கும் வேர் ஒன்றுதான். பெருகுவது எல்லாம் பொலி.

இது தமிழனின் தனிக் கற்பனை இல்லை. பழைய கிரேக்க மொழியில் வட்டிக்கான சொல் "டோக்கோஸ்". அதற்குப் பிள்ளை, ஈனப்பட்டது என்றும் பொருள். அதற்கும் முந்தைய சுமேரியாவில் "மாஷ்" என்றால் ஆட்டுக்குட்டி, வட்டியும் அதேதான். பணம் குட்டி போடும் என்று சொன்ன முதல் ஆள் யாரோ ஒரு ஆட்டுக்காரனாகத்தான் இருக்க வேண்டும்!

ஆனால் கிரேக்கத்தில் அரிஸ்டாட்டிலுக்கு இது பிடிக்கவில்லை. ஆடு குட்டி போடலாம், காசு எப்படிக் குட்டி போடும், இது இயற்கைக்கு விரோதம் என்று வட்டியைத் திட்டினார். தமிழ்நாட்டுக் கோயில்கள் அந்தச் சிக்கலை வேறு மாதிரி தீர்த்தன. காசுக்குப் பதில் நிஜ ஆட்டையே முதலாக வைத்துவிட்டன.

சாகாத ஆடு, கிழடாகாத ஆடு

கோயிலில் இரவு பகல் அணையாமல் எரியும் விளக்குக்கு "நந்தா விளக்கு" என்று பெயர். அதை எரிக்க நெய் வேண்டும். ஒரு நாளைக்கு ஒரு உழக்கு நெய், அதாவது ஒரு நாழியில் கால் பங்கு. இன்றைக்கு மட்டும் இல்லை, நாளைக்கும் இல்லை. "சந்திராதித்தவர்", அதாவது சந்திரனும் சூரியனும் இருக்கும் வரை.

ஒரு மனிதன் செத்த பிறகும் அவன் பெயரில் விளக்கு எரிய வேண்டும் என்றால் எப்படி? சோழர் காலத்து ஏற்பாடு இதுதான். 96 ஆடுகளைக் கோயிலுக்குக் கொடுக்க வேண்டும். தொண்டை மண்டலத்தில், அதாவது சென்னை, செங்கல்பட்டுப் பக்கம் பல இடங்களில் 90 ஆடு. கோயில் அந்த ஆடுகளை ஒரு இடையரிடம் ஒப்படைக்கும். கல்வெட்டில் அவருக்கு "மன்றாடி" என்று பெயர். அவர் மேய்த்துக்கொண்டு தினமும் உழக்கு நெய்யைக் கோயிலில் அளக்க வேண்டும். ஆடு இல்லாவிட்டால் மாடு. தஞ்சைப் பெரிய கோயில் கணக்கில் ஒரு விளக்குக்கு 96 ஆடு, அல்லது 48 பசு, அல்லது 16 எருமை.

இந்த ஆடுகளுக்குக் கல்வெட்டு வைத்த பெயர்தான் உச்சம். "சாவா மூவாப் பேராடு". சாகாத, மூப்படையாத பெரிய ஆடுகள்.

ஆடு சாகாதா? சாகும். பத்து, பன்னிரண்டு வருடம் தாண்டாது. ஆனால் கணக்கில் 96 என்ற எண்ணிக்கை சாகாது. ஒரு ஆடு செத்தால் அது போட்ட குட்டி அந்த இடத்துக்கு வந்துவிடும். மந்தையில் உள்ள எந்த ஆடும் பழைய ஆடு இல்லை, ஆனால் மந்தை அதே மந்தைதான். இன்றைய மொழியில் சொன்னால் தேய்மானத்துக்கு ஒதுக்கீடு தேவைப்படாத சொத்து. தன்னைத் தானே புதுப்பித்துக்கொள்ளும்.

இன்னொரு நன்மையும் உண்டு. காசு கொடுத்து வைத்தால் விலைவாசி ஏற ஏற அதன் மதிப்பு குறையும். ஆடு அப்படிக் குறையாது. நெய் விலை எவ்வளவு ஏறினாலும் ஆடு தருவது நெய்தான். பணவீக்கத்தைப் பற்றி எந்தப் பாடப்புத்தகமும் வராத காலத்தில் இந்த ஏற்பாட்டைச் செய்திருக்கிறார்கள்.

பெரிய கோயிலின் வங்கிக் கணக்கு

காசாகவும் கொடுத்தார்கள். முதலாம் ராஜராஜன் (ஆட்சி 985 முதல் 1014) கட்டிய தஞ்சைப் பெரிய கோயிலின் கல்வெட்டுகளில் அந்தக் கணக்கு விரிவாக இருக்கிறது. கோயில் தன்னிடம் வந்த காசை ஊர்ச் சபைகளுக்குக் கொடுத்தது. சபை வருடா வருடம் வட்டி கட்ட வேண்டும். வீதம் காசுக்கு அரைக்கால் காசு. எட்டில் ஒரு பங்கு, 12.5 சதவீதம். சில இடங்களில் வட்டியைக் காசாக இல்லாமல் நெல்லாக அளந்தார்கள்.

இங்கே ஒரு கணக்கு போட்டுப் பார்க்கலாம். ஒரு காசை 12.5 சதவீதக் கூட்டு வட்டிக்கு விட்டால் சுமார் 6 வருடத்தில் இரண்டு காசாகும். 100 வருடத்தில் சுமார் 1,30,000 காசு. 200 வருடத்தில் சுமார் 1,700 கோடி காசு! காவிரிக் கரை முழுவதையும் விற்றாலும் கட்ட முடியாது. சந்திரன் சூரியன் உள்ளவரை என்பதெல்லாம் நடக்கவே நடக்காது.

அதனால்தான் பொலியூட்டில் வட்டிக்கு வட்டி இல்லை. ஒரு காசு, வருடம் அரைக்கால் காசு, அவ்வளவுதான். அந்த அரைக்கால் அந்த வருடமே நெய்யாக, பூவாக, சோறாகச் செலவாகிவிடும். 100 வருடத்தில் பன்னிரண்டரை காசு விளைச்சல் எடுத்திருப்பார்கள். முதல் ஒரு காசு அப்படியே இருக்கும்.

இது வட்டிக்கடைக்காரன் யோசனை இல்லை, விவசாயி யோசனை. விளைந்ததைச் சாப்பிடு, விதை நெல்லைத் தொடாதே. அடுத்த வருடமும் வயல் அதே அளவுதான் இருக்கும், அதே அளவுதான் விளையும். காலத்தைப் பெருக்கிக் கொண்டே போக முடியாது. அதில் பயிர் செய்யத்தான் முடியும். நந்தா விளக்குக் கணக்கின் அடிப்படை இதுதான்.

திருப்பதியில் இது இன்னும் ஒரு படி மேலே போனது. விஜயநகர காலத்தில் பக்தர்கள் கொடுத்த பணத்தைக் கோயில் தன் கிராமங்களில் ஏரி வெட்டவும் கால்வாய் வெட்டவும் செலவழித்தது. அதனால் கூடுதலாக விளைந்த நெல்லில் அந்தப் பக்தரின் பெயரில் நைவேத்தியம். பர்ட்டன் ஸ்டெயின் என்ற அமெரிக்க வரலாற்று அறிஞர் 1960இல் இதைப் பற்றி ஒரு புகழ்பெற்ற கட்டுரை எழுதினார். காணிக்கை ஏரியாகி, ஏரி நெல்லாகி, நெல் பிரசாதமாகித் திரும்பி வருகிறது. இதைவிட நேரடியாகக் காலத்தை விவசாயம் செய்ய முடியாது.

மற்ற ஊர்களில்

இந்த யோசனைக்குத் தமிழ்நாடு மட்டும் சொந்தம் கொண்டாட முடியாது. நாசிக் குகைக் கல்வெட்டு ஒன்றில், நகபானன் என்ற மன்னனின் மருமகன் உஷவதாதன் 3,000 கார்ஷாபணக் காசுகளை நெசவாளர் சங்கங்களில் போட்டு வைத்த செய்தி இருக்கிறது. 2,000 காசுக்கு மாதம் 1 சதவீதம். 1,000 காசுக்கு மாதம் முக்கால் சதவீதம். முதலைத் திருப்பக் கூடாது, வட்டியை மட்டும் எடுக்கலாம். 2,000 காசின் வருட வட்டி 240. அதில் 20 பௌத்த பிக்குகளுக்குத் தலைக்கு 12 காசு வீதம் துணி. கணக்கு சரியாக வருகிறது, பாருங்கள்! இந்த வகை நிதிக்குப் பெயர் "அட்சய நீவி". தேயாத முதல். 60 தமிழ் ஆண்டுகளில் கடைசி ஆண்டின் பெயரும் அட்சயதான். சுற்று முடியும் இடத்தில் "தேயாதது" என்று பெயர் வைத்திருக்கிறார்கள்.

சீனாவில் ஷின்ஷிங் என்ற பௌத்தத் துறவி (540 முதல் 594) தொடங்கிய பிரிவு ஒன்று இருந்தது. உலகத்தின் காலம் மூன்று கட்டம், இப்போது நடப்பது கடைசியான கெட்ட கட்டம் என்பது அவர்கள் நம்பிக்கை. அந்தப் பிரிவு தலைநகர் சாங்ஆனில் "தீராக் கருவூலம்" நடத்தியது. மக்கள் போட்டதைக் கடன் கொடுத்து, அதில் வந்ததைத் தர்மம் செய்தார்கள். அது பெரிதாக வளர்ந்தது. 8ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் அரசு அதை மூடிவிட்டது.

ஐரோப்பாவில் நேர் எதிர். 12, 13ஆம் நூற்றாண்டுக் கிறிஸ்தவ மத அறிஞர்கள், வட்டிக்காரன் விற்பது காலத்தை, காலம் கடவுளுடையது, ஆகவே அவன் திருடன் என்றார்கள். உழுகிற எருதுகூட ஞாயிற்றுக்கிழமை ஓய்வு எடுக்கிறது, வட்டிக்காரனின் எருது மட்டும் ஓய்வே எடுப்பதில்லை என்று பிரசங்கம் செய்தார்கள். கவனித்தீர்களா? திட்டும்போதும் உவமை உழவுதான்.

இஸ்லாத்தில் வட்டி கூடாது. ஆனால் வக்ஃபு உண்டு. சொத்தை விற்கக் கூடாது, அதன் வருமானம் மட்டும் தர்மத்துக்கு. விதையைத் தொடாதே, விளைச்சலைக் கொடு என்பது இங்கேயும் அப்படியே இருக்கிறது.

மன்றாடியின் பக்கம்

இதுவரை படித்தால் எவ்வளவு அழகான ஏற்பாடு என்று தோன்றும். இதற்கு இன்னொரு பக்கம் உண்டு.

96 ஆடு சாகாது என்று கல்லில் வெட்டியாகிவிட்டது. ஆனால் நோய் வந்து முப்பது ஆடு செத்தால்? மழை பெய்யாமல் புல் காய்ந்தால்? தினம் உழக்கு நெய் என்பது மாறாது. அதை அளக்க வேண்டியது மன்றாடி. பெரிய கோயில் கல்வெட்டுகளில் ஒவ்வொரு இடையரின் பெயருக்கும் பின்னால் அவருடைய அண்ணன் தம்பி, உறவினர் பெயர்களும் வரிசையாக இருக்கின்றன. அவர் கட்டாவிட்டால் இவர்கள் பொறுப்பு. கடனுக்கு ஜாமீன் மாதிரி.

நல்ல வருடத்தில் கூடுதல் குட்டியும் பாலும் இடையருக்கு மிஞ்சும், உண்மைதான். ஆனால் கெட்ட வருடத்தின் நஷ்டம் முழுவதும் அவர் தலையில். கொடையாளிக்கு நஷ்டம் இல்லை, சாமிக்கும் இல்லை. அதோடு ஒப்பந்தத்துக்கு முடிவுத் தேதியே கிடையாது. அவருடைய மகன், பேரன், அவன் பேரன் எல்லோரும் யாரோ ஒருவருடைய புண்ணியத்துக்காக நெய் அளந்துகொண்டே இருக்க வேண்டும். பிறக்காத பிள்ளையின் நாட்களையும் சேர்த்து எழுதிக் கொடுத்த பத்திரம் அது. மன்றாடி என்ற சொல்லுக்கு இன்று "கெஞ்சி" என்று பொருள் என்பதை நினைத்தால் கொஞ்சம் உறுத்துகிறது.

வயல் பொய்க்கிற மாதிரி காலமும் பொய்க்கும். 1054இல் தஞ்சைப் பக்கத்து ஆலங்குடியில் பஞ்சம். ஊர்ச் சபையிடம் நெல் வாங்கக் காசு இல்லை. சபை கோயில் கருவூலத்தில் இருந்து ஆயிரம் கழஞ்சுக்கு மேல் தங்கமும், அதோடு வெள்ளியும் கடன் வாங்கியது. ஊரைக் காப்பாற்றியது கோயில். வட்டிக்கு ஈடாக நிலம் கோயிலுக்குப் போனது. காப்பாற்றியதும் உண்மை, நிலம் கை மாறியதும் உண்மை.

1201இல் திருப்பாம்புரத்தில் நடந்தது இதைவிடக் கொடுமை. மூன்றாம் குலோத்துங்கன் காலம். நெல் விலை தாறுமாறாக ஏறிவிட்டது. ஒரு வேளாளரும் அவருடைய இரண்டு பெண்களும் 110 காசுக்குத் தங்களையே கோயிலுக்கு விற்றுக்கொண்டார்கள். கோயில் அடிமையாக. நிலத்தை உழுத குடும்பம்தான் அது. விதைக்க ஒன்றும் இல்லாதபோது தங்கள் நாட்களையே கொடுத்துவிட்டார்கள். அந்தக் கல்வெட்டு இதற்குச் சொல்லும் காரணம், காலம் பொல்லாததாகிவிட்டது என்பது.

தமிழில் எமனுக்குக் "காலன்" என்று பெயர் வைத்ததில் ஆச்சரியம் இல்லை. தாம்பரம் பக்கம் வேளச்சேரி தண்டீஸ்வரர் கோயிலுக்குக் கூட இதையொட்டிய கதை உண்டு. மார்க்கண்டேயனைப் பிடிக்கப் போய்த் திருக்கடையூரில் தண்டத்தைப் பறிகொடுத்த எமன், இங்கே வந்து கும்பிட்டுத் திரும்ப வாங்கிக்கொண்டானாம். காலத்தை எத்தனை முறை தோற்கடித்தாலும் அவன் கைக்குத் தண்டம் திரும்பி வந்துவிடுகிறது.

கோவளத்தில் முடிந்துபோன ஒரு கம்பெனி

பிற்காலத்தில் "நிரந்தரம்" என்பதற்கு வேறு ஒரு உருவம் வந்தது. அதுதான் கம்பெனி. கம்பெனிச் சட்டம் படித்தவர்களுக்குத் தெரியும், பங்குதாரர்கள் வருவார்கள், போவார்கள், கம்பெனி சாகாது. சாவா மூவாப் பேராடு மாதிரிதான்.

அப்படி ஒரு கம்பெனிக்குக் கோவளத்திலேயே கிளை இருந்தது. இன்றைய பெல்ஜியத்தில் உள்ள ஒஸ்டெண்ட் துறைமுகத்து வணிகர்களின் ஒஸ்டெண்ட் கம்பெனி. 1722இல் பேரரசர் ஆறாம் சார்லஸ் 30 வருடத்துக்கு உரிமை கொடுத்தார். சோழமண்டலக் கரையில் அவர்கள் பிடித்த இடம் கோவளம். லாபமும் வந்தது. ஆனால் ஆங்கிலேயரும் டச்சுக்காரரும் நெருக்கியதில் 1727இல் உரிமை நிறுத்தி வைக்கப்பட்டது. 1731இல் அரசர்களுக்கு இடையிலான ஒப்பந்தத்தில் கம்பெனியே பலியானது. 30 வருடம் என்று எழுதியது 10 வருடம்கூட ஓடவில்லை.

பக்கத்துத் திருவிடந்தைக் கோயிலில் சோழர் காலக் கல்வெட்டுகள் இன்னும் இருக்கின்றன. ஆனால் அதைச் சொல்லிப் பெருமைப்பட்டுவிட முடியாது. தமிழ்நாட்டில் கல்லில் "சந்திரன் சூரியன் உள்ளவரை" என்று வெட்டிய நந்தா விளக்குகளில் பெரும்பாலானவை எப்போதோ அணைந்துவிட்டன. இந்த அறத்தைக் கெடுப்பவன் கங்கைக்கும் குமரிக்கும் நடுவில் நடந்த பாவம் எல்லாம் கொள்வான் என்று சாபம் வெட்டி வைத்தார்கள். அந்தச் சாபமும் ஆடுகளைக் காப்பாற்றவில்லை. அரசு மாறியது, ஊர்ச் சபைகள் போயின, மேய்ச்சல் நிலம் போனது, மந்தையும் போனது.

ஒன்று மட்டும் சட்டத்தில் மிஞ்சியது. கோயில் சாமி சட்டப்படி ஒரு நபர், அவர் பெயரில் சொத்து இருக்கலாம் என்பது. 1925இல் லண்டன் பிரிவி கவுன்சில் ஒரு குடும்ப சாமி வழக்கில் இதை அழுத்தமாகச் சொன்னது. சாகாத ஒரு கணக்குதாரர்!

ஒரு கால பூஜை

பொலியூட்டு முழுவதும் ஒழிந்துவிட்டதா என்றால் இல்லை. தமிழ்நாட்டு இந்து சமய அறநிலையத் துறையில் "ஒரு கால பூஜைத் திட்டம்" இருக்கிறது. வருமானமே இல்லாத சின்னக் கோயில்கள் ஆயிரக்கணக்கில் உண்டு. அங்கே ஒரு நாளைக்கு ஒரு வேளையாவது விளக்கு ஏற்ற வேண்டும். அதற்காகக் கோயில் பெயரில் ஒரு தொகை வைப்பு நிதியாகப் போடப்படும். அந்த வட்டியில் பூஜை.

ஒரு கட்டத்தில் இந்தத் தொகை கோயிலுக்கு 1 லட்சம் ரூபாயாக இருந்தது. 2022இல் அரசு 12,959 கோயில்களுக்கு 129.59 கோடி ரூபாய் கொடுத்து அதை 2 லட்சம் ஆக்கியது.

ராஜராஜன் காலத்துக் கணக்கேதான், முதலைத் தொடாதே, வட்டியில் விளக்கு. ஆனால் வீதத்தைப் பாருங்கள். 6 சதவீதம் என்று வைத்துக்கொண்டால் 2 லட்சத்துக்கு வருடம் 12,000 ரூபாய். மாதம் 1,000. ஒரு நாளைக்கு 33 ரூபாய் சொச்சம். எண்ணெய், திரி, பூ, நைவேத்தியம் எல்லாம் அதற்குள். சோழர் வீதம் 12.5 கிடைத்தால் வருடம் 25,000 வரும். அதைவிடப் பெரிய பிரச்சினை, ரூபாய் குட்டி போட்டாலும் விலைவாசி தாயைத் தின்றுகொண்டே வருகிறது. அதனால்தான் சில வருடத்துக்கு ஒரு முறை முதலை ஏற்ற வேண்டியிருக்கிறது. ஆடாக வைத்திருந்தால் இந்தத் தொல்லை இல்லை. ஆனால் இன்று அதை மேய்க்க யார் தலைமுறை தலைமுறையாக எழுதிக் கொடுப்பார்கள்? கொடுக்கவும் கூடாது.

அணையாத அடுப்பு

இதற்கு எதிர்க் கணக்கு ஒன்றும் தமிழ்நாட்டில் இருக்கிறது. 1867 மே 23 அன்று வடலூரில் ராமலிங்க வள்ளலார் சத்திய தருமச்சாலை தொடங்கினார். பசி என்று வந்தவருக்குச் சாதி, மதம் கேட்காமல் சோறு. அந்த இடத்துக்குப் பார்வதிபுரத்து மக்கள் சுமார் 80 காணி நிலம் கொடுத்தார்கள். அன்று பற்றவைத்த அடுப்பு இன்றும் அணையவில்லை. 150 வருடம் தாண்டிவிட்டது.

அங்கே யாரும் யாருக்கும் உழக்கு நெய் பாக்கி இல்லை. பேரன் கட்டுவான் என்று தாத்தா கையெழுத்துப் போடவில்லை. அரிசி கொண்டுவருகிறவர் தானாகக் கொண்டுவருகிறார். நாளைக்கு யாரும் வராவிட்டால் அடுப்பு அணையும். அப்படி அணையக்கூடும் என்பது எல்லோருக்கும் தெரிந்திருப்பதால்தான் யாராவது வந்துகொண்டே இருக்கிறார்கள் போலும்.

ஆடிப்பட்டம் தேடி விதை என்பார்கள். பட்டம் வரும், போகும். விதைப்பது ஆள்தான். சோழர் காலக் கொடையாளி காலத்தை வயலாகப் பார்த்தது பெரிய யோசனை. விதை நெல்லைத் தொடாதே என்று அவர் வைத்த விதி இன்றைய நிதி நிறுவனங்களுக்கும் பாடம். அவர் கணக்கில் விட்டுப்போனது ஒன்றுதான். வயல் தானாக விளையாது. 96 ஆடு சாகாமல் இருந்ததற்குக் காரணம் கல்லில் இருந்த எழுத்து இல்லை. விடியற்காலையில் எழுந்து மந்தையை ஓட்டிக்கொண்டு போன ஒரு ஆள்.

அடுத்த முறை ஏதாவது பழைய கோயிலுக்குப் போனால் சுவரில் உள்ள கல்வெட்டுக்குப் பக்கத்தில் கொஞ்சம் நில்லுங்கள். கொடுத்தவர் பெயர் பெரும்பாலும் கண்ணில் படும். அதே கல்லில் எங்காவது ஒரு இடையர் பெயரும் இருக்கலாம். அதையும் தேடிப் படியுங்கள்.